ஒன்பது வெற்றி, ஒரு நிபந்தனை

1951-ஆம் ஆண்டு சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகத்தின் அமெரிக்கன் ஃபுட்பால் அணி ஒன்பது ஆட்டங்கள் ஆடி ஒன்பதிலும் வென்றது. டிராகூட ஒன்றும் இல்லை. பருவம் முடிந்த சில வாரங்களிலேயே பல்கலைக்கழகம் அந்த அணியைக் கலைத்துவிட்டது.

சேசு சபைத் துறவிகள் நடத்தும் நடுத்தரக் கல்வி நிறுவனம் அது. அரசுப் பல்கலைக்கழகங்களைப் போல விளையாட்டுக்குக் கொட்டிக் கொடுக்கப் பணம் இல்லை. நகரின் கீசர் மைதானம் பெரியதுதான். ஆனால் அதை நிரப்பும் கூட்டம் வரவில்லை. பயிற்சியாளர் ஜோ குஹாரிச் கெடுபிடிக்குப் பேர்போனவர். பருவம் தொடங்குமுன் கார்னிங் என்ற சிற்றூரின் கொளுத்தும் வெயிலில் அவர் நடத்திய முகாமைப் பற்றி வீரர்கள் கிழவர்களான பிறகும் பேசிக்கொண்டிருந்தார்கள்.

அமெரிக்கன் ஃபுட்பாலில் காலால் உதைப்பது கொஞ்சம்; பந்தைக் கையில் இடுக்கிக்கொண்டு எதிரணியைத் துளைத்து ஓடுவதுதான் அதிகம். அந்த ஓட்டத்தில் ஆலி மேட்சனுக்கு நிகரில்லை. அந்தப் பருவத்தில் 1,566 கெஜம் ஓடி, 21 டச்டவுன் (பந்தை எதிரணியின் எல்லைக்கோட்டுக்கு அப்பால் கொண்டுசேர்ப்பது) போட்டார். நாட்டிலேயே அதிகத் தூரம் ஓடிய கல்லூரி வீரர் அவர்தான். தடுப்பில் பர்ல் டோலர், இரண்டாம் உலகப்போரில் சண்டையிட்டுத் திரும்பிய ஜினோ மார்செட்டி, ஆறே முக்கால் அடி உயர பாப் செயின்ட் கிளேர் ஆகியோர் நின்றார்கள். மேட்சனும் டோலரும் கறுப்பினத்தவர்.

அந்தப் பருவத்தின் மிகக் கடினமான ஆட்டம் நியூயார்க்கில் ஃபோர்டாம் பல்கலைக்கழகத்துடன் நடந்தது. கிழக்குப் பத்திரிகைக்காரர்களின் கண்ணில் படுவதற்கு அதுதான் வாய்ப்பு. எதிரணி உதைத்தனுப்பும் கிக்-ஆஃப் பந்தை வாங்கி மைதானத்தின் மறுகோடிவரை ஓடி டச்டவுன் போடுவது அபூர்வம். மேட்சன் அன்று அதை இரண்டுமுறை செய்தார். 32-26 என்று வெற்றி. பின்னர் பசிபிக் கல்லூரியை 47-14, கடைசி ஆட்டத்தில் லயோலாவை 20-2 என வீழ்த்தினார்கள். இவ்வளவுக்கும் பிறகு பத்திரிகையாளர் தரவரிசையில் கிடைத்தது 14-ஆம் இடம். சிறந்த வீரருக்கான ஹைஸ்மன் விருது வாக்கெடுப்பில் மேட்சனுக்கு ஒன்பதாம் இடம். மேற்குக் கரையின் சிறிய கல்லூரியைக் கிழக்கில் யாரும் பெரிதாக மதிக்கவில்லை.

பருவத்தில் சிறந்த அணிகளைப் புத்தாண்டையொட்டி நடக்கும் ‘பவுல்’ ஆட்டங்களுக்கு அமைப்புக் குழுக்கள் அழைக்கும். நல்ல வருமானம் வரும். கடனில் தத்தளித்த சான் பிரான்சிஸ்கோ அணிக்கு அதுவே உயிர்நாடி. பல பவுல்கள் நடந்தது இனப்பாகுபாடு சட்டமாகவே இருந்த தென் மாநிலங்களில். கறுப்பின வீரர்கள் இருவரையும் விட்டுவிட்டு வந்தால் அழைப்பு உண்டு என்று அணிக்குச் செய்தி வந்தது. அந்த நிபந்தனைக்கு இணங்கியவர் எவருமில்லை, வாக்கெடுப்புக்கே அவசியம் எழவில்லை என்று வீரர்கள் பிற்காலத்தில் சொன்னார்கள். எதிர்த்து ஆடிய அணிகள் பலவீனமானவை என்பது அழைக்காததற்கு வெளியே சொல்லப்பட்ட காரணம். அது முழுப்பொய் அல்ல. ஆனால் நிபந்தனைக்கு அது விளக்கமாகாது. அவர்கள் இல்லாமலேயே 1952 புத்தாண்டில் மயாமியின் ஆரஞ்சு பவுலில் ஜார்ஜியா டெக்கும் பேய்லரும் ஆடின.

பவுல் பணமும் போனபின் நட்டத்தைக் காட்டிப் பல்கலைக்கழகம் அணிக்கு மூடுவிழா நடத்தியது. படிப்பு முடியாத செயின்ட் கிளேர் தல்சா பல்கலைக்கழகத்துக்கு மாறிக் கடைசிப் பருவத்தை ஆடினார். மேட்சன் 1952 ஹெல்சின்கி ஒலிம்பிக்கில் 400 மீட்டரில் வெண்கலமும் தொடர் ஓட்டத்தில் வெள்ளியும் வென்று, தொழில்முறை ஆட்டத்துக்குப் போனார். 1959-இல் அவர் ஒருவருக்காக ஒன்பது பேரைக் கொடுத்து வாங்கியது லாஸ் ஏஞ்சலிஸ் ராம்ஸ் அணி. அந்தப் பேரத்தை முடித்த மேலாளர் பீட் ரோசெல், 1951 அணியின் செய்தித் தொடர்பாளராக இருந்தவர். அடுத்த ஆண்டே தொழில்முறை அணிகளின் தேசிய லீகுக்கு ஆணையர் ஆனார். மேட்சன், மார்செட்டி, செயின்ட் கிளேர் மூவரும் தொழில்முறை ஃபுட்பாலின் புகழ் மண்டபத்தில் இடம்பெற்றனர். ரோசெலும் அங்கே இருக்கிறார்.

டோலருக்குத் தொழில்முறை ஆட்டத்தின் வழி அடைபட்டது. 1952-இல் நட்சத்திர அணிக்காக ஆடும்போது முழங்கால் உடைந்தது. பள்ளி ஆசிரியராகி, தலைமையாசிரியராக உயர்ந்தார். 1965-இல் தேசிய லீகின் முதல் கறுப்பின நடுவரானார். அந்த லீகின் இறுதி ஆட்டமான சூப்பர் பவுலில் 1980-இலும் நடுவர் குழுவில் இருந்தார். 1951 அணியினருக்குப் பல்கலைக்கழகம் 2006-இல் கௌரவ டாக்டர் பட்டம் வழங்கியது.