அக்காவோட தீவை அழிக்கலாமா? கேம் ரீசெட்டும் சேவ் டேட்டாவும்

(ஒலிப்பதிவின் எழுத்து வடிவம். வாசிக்க வசதியாகச் சில இடங்களைச் சுருக்கியும் திருத்தியும் இருக்கிறோம்.)

இன்னைக்கு எபிசோட் ஒரு மெயில்ல இருந்து ஆரம்பிக்குது. அனுப்பினது தாம்பரத்துல பிளஸ் டூ படிக்கிற ஒரு தம்பி. பேர் சொல்ல வேண்டாம்னு கேட்டிருக்கார். ஏன்னு கொஞ்ச நேரத்துல உங்களுக்கே புரியும்.

"அண்ணா, எங்க வீட்டுல ஒரு நின்டெண்டோ ஸ்விட்ச் இருக்கு. சித்தப்பா சிங்கப்பூர்ல இருந்து வாங்கிட்டு வந்தது. அக்கா அதுல ரெண்டு வருஷமா அனிமல் கிராஸிங் மட்டும்தான் ஆடினா. இப்ப கல்யாணம் ஆகி டொராண்டோ போயிட்டா. நான் முதல்ல இருந்து புதுசா ஆடணும். ஆனா நியூ கேம்னு ஒரு பட்டனே இல்ல. சேவ் டேட்டாவை அழிச்சாதான் புதுசா ஆரம்பிக்க முடியும்னு ஃபிரெண்ட் சொல்றான். அழிச்சா அக்காவோட தீவு போயிடுமா? எங்கயாவது காப்பி எடுத்து வெச்சுட்டு அழிக்கலாமா?"

தம்பி, முதல்ல பதிலைச் சொல்லிடறேன். போயிடும். மொத்தமா போயிடும். நீ நினைக்கிற மாதிரி காப்பி எடுக்கவும் முடியாது. அதனால இந்த எபிசோட் முடியற வரைக்கும் எந்த பட்டனையும் அமுக்காத.

மத்தவங்களுக்காக இதைக் கொஞ்சம் அடிப்படையில இருந்தே பார்க்கலாம். கன்சோல் வெச்சிருக்கிற பாதிப் பேருக்கு இதுல ஒரு குழப்பம் இருக்கு. கேம் வேற, சேவ் டேட்டா வேற. கேம்ங்கறது கடையில வாங்கின கோலமாவு மாதிரி. தீர்ந்தா, கொட்டிப்போனா, அதே கடையில திரும்ப வாங்கிக்கலாம். சேவ் டேட்டா நீங்க வாசல்ல போட்ட கோலம். அதைக் கழுவிவிட்டுட்டு அதே கோலம் ஒரு பாக்கெட் குடுங்கன்னு யார்கிட்டயும் கேட்க முடியாது.

ஸ்விட்ச்ல இந்த ரெண்டும் இருக்கிற இடமே வேற வேற. கேம் கார்ட்ரிட்ஜ்ல இருக்கலாம், மைக்ரோ எஸ்டி கார்டுல இருக்கலாம், மெஷினுக்குள்ளயே இருக்கலாம். ஆனா சேவ் டேட்டா மெஷினோட உள் மெமரில மட்டும்தான் இருக்கும். எஸ்டி கார்டைக் கழட்டி இன்னொரு ஸ்விட்ச்ல போட்டா என் கேம் விட்ட இடத்துல இருந்து தொடரும்னு நினைக்கிறவங்க நிறைய பேர். தொடராது. கார்ட்ரிட்ஜை நண்பனுக்குக் கடன் குடுத்தா உங்க சேவ் கூடவே போயிடுமோன்னு பயப்படறவங்களும் உண்டு. அதுவும் போகாது, உங்க மெஷின்லயேதான் இருக்கும்.

இதே காரணத்தாலதான் ஸ்விட்ச்ல அழிக்கிறதுக்கே ரெண்டு இடம் வெச்சிருக்காங்க. சிஸ்டம் செட்டிங்ஸ்ல டேட்டா மேனேஜ்மென்ட்னு ஒரு பகுதி இருக்கும். அதுல கேமைத் தேர்ந்தெடுத்து 'டிலீட் சாஃப்ட்வேர்' குடுத்தா கேம் மட்டும் போகும், சேவ் அப்படியே இருக்கும். நாளைக்கு மறுபடி டவுன்லோட் பண்ணினா விட்ட இடத்துல இருந்து ஆடலாம். அதனால இடம் பத்தலன்னா கேமைத் தாராளமா தூக்கலாம். அதுக்குப் பக்கத்துலயே 'டிலீட் சேவ் டேட்டா'ன்னு தனியா ஒண்ணு இருக்கும். அதுதான் வாசல்ல தண்ணி ஊத்தற வேலை. இன்னொண்ணும் கவனிங்க. ஒரு யூசரையே மெஷின்ல இருந்து நீக்கினா, அந்த யூசரோட சேவ் டேட்டாவும் சேர்ந்து போயிடும். "இந்த ஐடி யாருதுன்னு தெரியல, சும்மா கிடக்குது"ன்னு தூக்கிடாதீங்க.

ஒரு சின்னக் கிளைக்கதை. 1987-ல அமெரிக்காவுல தி லெஜண்ட் ஆஃப் செல்டா கார்ட்ரிட்ஜா வந்தப்போ, உள்ள ஒரு குட்டி பேட்டரி இருந்தது. சேவ் டேட்டாவை உயிரோட வெச்சிருந்தது அந்த பேட்டரிதான். ரீசெட் பட்டனை அமுக்கிப் பிடிச்சுக்கிட்டே பவரை ஆஃப் பண்ணுங்கன்னு அந்த கேமே திரையில சொல்லும். ஏன்னா பவர் இறங்கற அந்த ஒரு கணத்துல ப்ராசஸர் தடுமாறி, சேவ் இருக்கிற இடத்துல கண்டதையும் எழுதிடலாம். ரீசெட்டை அமுக்கியிருந்தா ப்ராசஸர் எதையும் எழுதாம நிக்கும். அதாவது அந்தக் காலத்துல ரீசெட் பட்டன் சேவைக் காப்பாத்தற பட்டன். இன்னைக்கு அதே வார்த்தையைக் கேட்டாலே வயித்தைக் கலக்குது.

அனிமல் கிராஸிங்குக்கும் ரீசெட்டுக்கும் பழைய பகை வேற. கேம்கியூப் காலத்து கேம்ல சேவ் பண்ணாம ஆஃப் பண்ணிட்டு மறுபடி வந்தீங்கன்னா, வீட்டு வாசல்ல மிஸ்டர் ரீசெட்டின்னு ஒரு பெருச்சாளி மாதிரி ஆசாமி மண்ணுக்குள்ள இருந்து எழுந்து வந்து திட்டுவார். சும்மா இல்ல, பக்கம் பக்கமா. திட்டி முடிக்கிற வரைக்கும் நகரவே விடமாட்டார். சின்னப் பசங்க அவரைப் பார்த்துப் பயந்த கதையெல்லாம் உண்டு. 2020 மார்ச் 20 அன்னைக்கு வந்த நியூ ஹொரைசன்ஸ்ல கேம் தானாவே சேவ் பண்ணிக்கிட்டே இருக்கு. அவருக்குத் திட்டற வேலை போச்சு. நமக்கும் பழைய சேவுக்குத் திரும்பிப் போற வழி போச்சு.

இப்ப தம்பியோட பிரச்சனைக்கு வரேன். வழக்கமா இந்தக் கேள்விக்கு நான் ஒரே வரிலதான் பதில் சொல்வேன்: அழிக்காதீங்க, புது யூசர் போடுங்க. ஸ்விட்ச்ல பெரும்பாலான கேம்கள்ல சேவ் டேட்டா ஒவ்வொரு யூசருக்கும் தனித்தனி. போக்கிமான் ஸ்வோர்டு மாதிரி ஒரே ஒரு சேவ் மட்டும் இருக்கிற கேம்ல கூட, தம்பிக்கு ஒரு யூசர் உருவாக்கினா அவன் முதல்ல இருந்து ஆடலாம், அக்கா பிடிச்சு வெச்சதெல்லாம் அக்கா யூசர்ல பத்திரமா இருக்கும். வீட்டுல நடக்கிற கேம் சண்டைல பெரும்பாலானது இந்த ரெண்டு நிமிஷ வேலைல தீர்ந்துடும்.

ஆனா நியூ ஹொரைசன்ஸ் இந்த விதிக்கு அடங்காது. அதுல ஒரு மெஷினுக்கு ஒரு தீவுதான். யூசர் எத்தனை போட்டாலும் எல்லாரும் அதே தீவுலதான் குடியேறணும், எட்டு பேர் வரைக்கும். முதல்ல வந்தவங்கதான் தீவோட பிரதிநிதி. பாலம் எங்க கட்டணும், கட்டடத்தை எங்க நகர்த்தணும்ங்கறதெல்லாம் அவங்க கையில. தம்பி புது யூசர் போட்டு உள்ள போனா, அக்கா ஊர்ல இடம் வாங்கின ஆளா இருக்கலாம், அவ்வளவுதான். அவன் கேட்கறது தனி ஊர்.

அக்கா ஊர் இப்ப எப்படி இருக்கும்னு நினைச்சுப் பாத்தேன். ரொம்ப நாளா யாரும் போகலைன்னா களை மண்டியிருக்கும். பூச்செடி கண்ட இடத்துல பரவியிருக்கும். வீட்டுக்குள்ள போனா கரப்பான் ஓடும், இந்த கேம்ல அதுவும் இருக்கு. ஆனா அக்கம்பக்கத்து ஆளுங்க காலி பண்ணிட்டுப் போயிருக்க மாட்டாங்க. வந்ததும், இத்தனை நாள் எங்க போனேன்னு கேட்பாங்க. கதவைத் திறந்தா, அக்கா நாற்காலியை எந்தப் பக்கம் திருப்பி வெச்சாளோ அந்தப் பக்கமே இருக்கும். ரெண்டு வருஷம் தினமும் ஒரு மணி நேரம்னாலும் எழுநூறு மணி நேரத்துக்கு மேல ஆச்சு. அழிக்கிறதுக்கு பத்து செகண்ட் போதும்.

"கிளவுட்ல இருக்குமே"ன்னு சிலர் இப்ப நினைப்பீங்க. இங்கதான் பெரிய பொறி. நின்டெண்டோ ஸ்விட்ச் ஆன்லைன்னு காசு கட்டற சந்தா இருக்கு. 2018 செப்டம்பர்ல இருந்து அதுல சேவ் டேட்டா கிளவுட் வசதி உண்டு. ஆனா எல்லா கேமுக்கும் கிடையாது. ஸ்ப்ளாட்டூன் 2-க்கு இல்ல, நான் சொன்ன போக்கிமான் ஸ்வோர்டுக்கு இல்ல, நியூ ஹொரைசன்ஸுக்கும் இந்தச் சாதாரண கிளவுட் சேவ் இல்ல.

இருக்கிற கேமுக்கும் ஒண்ணு சொல்லணும். கிளவுட்ல ஒரு யூசருக்கு, ஒரு கேமுக்கு, ஒரே ஒரு காப்பிதான் நிக்கும். மெஷின்ல சேவை அழிச்சா கிளவுட்ல இருக்கிறது உடனே அழியாது, சரி. ஆனா அழிச்சுட்டு அதே யூசர்ல புதுசா ஆட ஆரம்பிச்சு, ஆட்டோ பேக்கப் ஆன்ல இருந்தா? புது அஞ்சு நிமிஷ சேவ் மேல ஏறிடலாம், பழைய நூறு மணி நேரம் காணாம போகலாம். மெஷின் தன் வேலையைச் சரியாத்தான் செஞ்சிருக்கும். கடைசியா எது இருக்கோ அதைத்தான் அது காப்பி எடுக்கும். அதனால பரிசோதனை பண்றதுக்கு முன்னாடி, அந்த கேமோட ஆப்ஷன்ஸ்ல போய் ஆட்டோ பேக்கப்பை நிறுத்திடுங்க. சந்தா முடிஞ்சு போனா, 180 நாளுக்குள்ள திரும்பச் சேர்ந்தா கிளவுட்ல இருந்ததை எடுக்கலாம். அதுக்கு மேல போனா உத்தரவாதம் இல்ல.

பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ் ஆளுங்களுக்குச் சுருக்கமா. பிஎஸ் 4-ல யுஎஸ்பி பென் டிரைவ்ல சேவ் டேட்டாவைத் தனியா காப்பி எடுக்கலாம், அது ஒரு வரம். பிஎஸ் 5-ல பழைய பிஎஸ் 4 கேம்களோட சேவுக்கு மட்டும் அந்த வசதி இருக்கு. பிஎஸ் 5 கேமோட சேவைத் தனியா பென் டிரைவ்ல எடுக்க முடியாது. ஒண்ணு பிஎஸ் பிளஸ் கிளவுட், இல்லன்னா மொத்த மெஷினையும் யுஎஸ்பி டிரைவ்ல பேக்கப் எடுக்கணும். எக்ஸ்பாக்ஸ்ல கிளவுட் சேவ் இலவசம், தானாவே நடக்கும். அங்க ஒரு சேவை அழிக்கப் போனா ரெண்டு கேள்வி வரும்: இந்தக் கன்சோல்ல மட்டுமா, எல்லா இடத்துலயுமா? ரெண்டாவதை அமுக்கினா கிளவுட்லயும் போச்சு. அவசரத்துல வேகமா ஓகே ஓகேன்னு அமுக்கற பழக்கம் இருக்கிறவங்க இந்த இடத்துல கையைக் கட்டிக்கிட்டுப் படிங்க.

நானே இதுல குற்றவாளிதான். ஹாஸ்டல்ல பிஎஸ் 2 இருந்தது. அதோட மெமரி கார்டு 8 எம்பி. ஆறு பேருக்கு ஒரே கார்டு. ஒரு ராத்திரி கிரிக்கெட் டோர்னமென்ட் சேவ் ஆக மாட்டேங்குது, இடம் இல்ல. பேர் புரியாத ஒரு ஃபைல் பெருசா இருந்தது, தூக்கிட்டேன். அது ரூம்மேட்டோட சான் ஆண்ட்ரியாஸ். கடைசி மிஷனுக்கு முன்னாடி நிறுத்தி, செமஸ்டர் முடிஞ்சு ஆடலாம்னு வெச்சிருந்தான். கார்டு கரப்ட் ஆயிடுச்சுடான்னு சொல்லிட்டேன். அவன் இந்த பாட்காஸ்ட் கேட்பான். மச்சி, நான்தான்.

மெஷினை விக்கறவங்களுக்கும் ஒரு வார்த்தை. ரிச்சி ஸ்ட்ரீட்ல குடுத்தாலும் ஆன்லைன்ல போட்டாலும், முதல்ல சேவ் எங்க இருக்குன்னு பாருங்க, அப்புறம்தான் ஃபார்மட். ஸ்விட்ச்ல 'இனிஷியலைஸ் கன்சோல்' குடுத்தா உள்ள இருக்கிற சேவ் எல்லாம் போகும். நீங்க காசு குடுத்து வாங்கின கேம் உங்க அக்கவுண்ட்ல இருக்கும், அதுக்குக் கவலை வேண்டாம். மெஷின் சொதப்புது, விக்கப்போறது இல்லன்னா வேற வழி உண்டு. ஆஃப் பண்ணிட்டு, வால்யூம் பட்டன் ரெண்டையும் அமுக்கிப் பிடிச்சுக்கிட்டு பவரை அமுக்கினா ஒரு மெயின்டெனன்ஸ் திரை வரும். அதுல சேவ் டேட்டாவை விட்டுட்டு மத்ததை மட்டும் ரீசெட் பண்ற தேர்வு இருக்கு. சர்வீஸ் கடையில குடுக்கறப்போ இதைக் கேட்டுக் குடுங்க. பல பேர் நேரா மொத்தமா ஃபார்மட் பண்ணிடறாங்க.

சரி தம்பி, உனக்கு என்ன வழி? இருக்கு. நியூ ஹொரைசன்ஸ்க்குன்னே ஐலண்ட் டிரான்ஸ்ஃபர் டூல்னு ஒரு இலவச ஆப் இருக்கு. அது தீவை, அதுல குடியிருக்கிறவங்களோட சேர்த்து, இன்னொரு ஸ்விட்சுக்கு அப்படியே நகர்த்தும். காப்பி எடுக்காது, நகர்த்தும். உன் மெஷின்ல இடம் காலியாகும், நீ உன் தீவைத் தொடங்கலாம். ரெண்டு மெஷினும் பக்கத்துல பக்கத்துல இருக்கணும், இன்டர்நெட்ல டொராண்டோவுக்கு அனுப்ப முடியாது. போய்ச் சேர்ற மெஷின்ல ஏற்கனவே வேற தீவு இருக்கக் கூடாது. அதனால அக்கா அங்க ஒரு ஸ்விட்ச் வாங்கினா, புதுத் தீவு எதுவும் தொடங்காம, ஊருக்கு வர்றப்போ எடுத்துட்டு வரச் சொல்லு. அதுவரைக்கும் ஆன்லைன் சந்தா இருந்தா, கேமோட டைட்டில் திரையில மைனஸ் பட்டனை அமுக்கி, டாம் நுக்கிட்ட பேசி ஐலண்ட் பேக்கப்பை ஆன் பண்ணி வை. அது மெஷின் தொலைஞ்சாலோ கெட்டுப் போனாலோ, நின்டெண்டோவைத் தொடர்புகொண்டு மீட்கிறதுக்கான ஏற்பாடு. நீயா அழிச்சுட்டுத் திரும்பக் கேட்கறதுக்கு இல்ல.

அதுக்குள்ள பொறுக்க முடியாம அக்கா தீவுலயே குடியேறிடாத. உன் வீடும் சேர்ந்து டொராண்டோ போயிடும்.

மெயிலுக்கு இப்படிப் பதில் போட்டேன். நேத்து ராத்திரி மறுபடி எழுதியிருந்தான். அக்காவுக்கு ஃபோன் பண்ணிக் கேட்டிருக்கான். "அழிச்சுக்கோடா, எனக்கு எங்க நேரம்"னு முதல்ல சொன்னாளாம். அப்புறம் ஒரு மணி நேரம் கழிச்சு மெசேஜ் பண்ணியிருக்கா: "டேய், டிசம்பர்ல வரேன். அதுவரைக்கும் தொடாத. களை மட்டும் புடுங்கி வை."

களை புடுங்கணும்னா அக்கா யூசர்லயே போய்ப் புடுங்கு தம்பி. பூவை மிதிச்சுக்கிட்டு ஓடாத, இதழ் உதிர்ந்துடும்.