மிகை நிலமும் உச்சநீதிமன்றமும்

1961-ஆம் வருஷத்துச் சென்னை நில உச்சவரம்புச் சட்டம், ஐவர் அடங்கிய குடும்பத்திற்கு 30 தர ஏக்கர் என வரம்பிட்டு (1970-இல் அது 15 ஆயிற்று), மிகை நிலத்தைச் சர்க்கார் கைக்கொள்ள வகை செய்தது. ஏக்கருக்கு 10 முதல் 15 ரூபாய் வரை தீர்வையுள்ள நஞ்செய் ஓர் ஏக்கரே ஒரு தர ஏக்கராகும். புஞ்செய்யாயின் பல ஏக்கர் சேர்தல் வேண்டும். ஆகவே தாமிரபரணிப் பாசன வயலுடையாரை அச்சட்டம் இறுக்கிற்று. அந்நாளில் நம் ஜில்லாவைச் சேர்ந்திருந்த கோவில்பட்டிக் கரிசலுடையார்க்கோ தளர்ந்து நின்றது.

1964 மார்ச்சில் கிருஷ்ணசாமி நாயுடு வழக்கில் உச்சநீதிமன்றம் அதனைச் செல்லாதெனத் தள்ளிற்று. வரம்பிட்டமை குற்றமன்று; வயதுவந்த மைந்தரை விலக்கிக் குடும்பத்தைச் செயற்கையாய் வரையறுத்தமையும், வருமானம் ஏற ஏற இழப்பீட்டு விகிதத்தைக் குறைத்தமையுமே குற்றமாயின. இவை திருத்தத்தக்க குறைகளே என்பது எம் கருத்து. பார்லிமெண்டோ அவ்வாண்டே 17-ஆவது திருத்தத்தால் சட்டத்தை ஒன்பதாம் அட்டவணையிற் சேர்த்து, அடிப்படை உரிமை வழக்குகள் அணுகாவண்ணம் அரண் செய்தது. அதன்பின் நிலவுடையார் மனுக்களில் பெரும்பாலும் எஞ்சியது கணக்கு வழக்கே: நிலம் நஞ்செய்யோ புஞ்செய்யோ, இன்னார் குடும்பத்தினரோ அல்லரோ என்பது.