பிறர் எழுதிய வரைவைப் படித்தல்

ஸ்ரீபெரும்புதூர் இராமாநுசர் பிறந்த ஊர். அவர் பிரம்ம சூத்திரத்துக்கு உரை செய்தபோது, காஞ்சிக்கு அருகிலுள்ள கூரத்தைச் சேர்ந்த கூரத்தாழ்வான் ஏடெழுதினார் என்று குருபரம்பரை வரலாறு கூறும். இருவருக்குமிடையே ஓர் உடன்பாடு இருந்ததாம். சொல்லப்படும் பொருள் தமக்கு ஒவ்வாததாகத் தோன்றினால், ஆழ்வான் வாதாட வேண்டுவதில்லை. எழுதுவதை நிறுத்திவிட்டால் போதும். உயிருக்கு இலக்கணம் கூறுமிடத்தில் அறியுந்தன்மை ஒன்றையே ஆசாரியர் சொல்ல, எழுத்தாணி நின்றது. இறைவனுக்கு அடிமையாயிருத்தலைச் சொல்லாத இலக்கணம் நிறைவுடையதன்று என்பது ஆழ்வானின் கருத்து. இராமாநுசர் சினந்தார், அப்படியானால் உரையை அவரே எழுதிக்கொள்ளட்டும் என்று எழுந்துவிட்டார் என்பர். பின்னர் ஆராய்ந்து பார்த்து, ஆழ்வான் நிறுத்திய இடம் சரியான இடமே என்று ஒப்புக்கொண்டார்.

அவ்வூரைச் சுற்றியும், தெற்கே ஒரகடம் வரையிலும் இன்று மோட்டார் வண்டிகளும் மின்னணுக் கருவிகளும் செய்யும் ஆலைகள் நிறைந்திருக்கின்றன. அவற்றுள் ஒன்றில் ஷிப்டு முறையில் வேலை பார்க்கும் என் பழைய மாணவர் ஒருவர் அண்மையில் சில தாள்களுடன் வந்தார். 2003ஆம் ஆண்டு முதல் பலரும் கூடி எழுதி வளர்த்துவரும் தமிழ் விக்கிப்பீடியாவுக்காக அவர் எழுதிய வரைவு அது. தலைப்பு, 'குடிமை இதழியல்'. "ஐயா, குறைகளைத் தயங்காமல் சொல்லுங்கள்" என்றார். தயங்காமல் சொல்வது எனக்குப் பழக்கந்தான். எழுதியவருக்குப் பயன்படுமாறு சொல்வதே கடினம்.

கலைக்களஞ்சியக் கட்டுரை ஏனைய கட்டுரைகளைப் போன்றதன்று. அதைத் தேடி வருபவர் எழுதியவரின் மனத்தை அறிய வருவதில்லை. பொருளை அறிய வருகிறார். தமிழ் வளர்ச்சிக் கழகம், பெரியசாமித் தூரனை முதன்மை ஆசிரியராகக் கொண்டு, 1954 முதல் 1968 வரை கலைக்களஞ்சியத்தைப் பத்துத் தொகுதிகளாக வெளியிட்டது. அதற்கென ஓர் ஆசிரியர் குழு இருந்தது. விக்கிப்பீடியாவிலோ எழுதுவோரே ஒருவருக்கொருவர் பதிப்பாசிரியர். ஆகவே பிறர் வரைவைப் படிப்பவரின் பொறுப்பு அங்கே மிகுதி.

வரைவின் முதல் வாக்கியத்திலேயே என் பென்சில் நின்றது. பொதுமக்களே செய்தி சேகரித்து வெளியிடுவது குடிமை இதழியல் என்று எழுதியிருந்தார். அது குடிமக்கள் இதழியல். தென்கொரியாவில் 2000ஆம் ஆண்டில் தொடங்கிய ஓமைநியூஸ் அதற்குப் பேர்போன சான்று. 2004 டிசம்பரில் ஆழிப்பேரலை வந்தபோது, கரையில் இருந்தவர்கள் எடுத்த படங்கள் உலகெங்கும் பரவினவே, அதுவும் அவ்வகையே. குடிமை இதழியல் வேறு. அதில் எழுதுபவர் தொழில்முறைப் பத்திரிகையாளர்தாம். ஆனால் அவர் தலைவர்களின் அறிக்கைகளிலிருந்து தொடங்குவதில்லை; ஊராரின் கவலைகளிலிருந்து தொடங்குகிறார்.

1988இல் நடந்த அமெரிக்கக் குடியரசுத் தலைவர் தேர்தலைக் குதிரைப் பந்தயம் போல, யார் முந்துகிறார், யார் பிந்துகிறார் என்றே எழுதிவிட்டோமே என்று அந்நாட்டுப் பத்திரிகையாளர் சிலர் பின்னர் வருந்தினர். அவர்களுள் ஒருவர் கன்சாஸ் மாநிலத்து 'விச்சிட்டா ஈகிள்' நாளிதழின் ஆசிரியர் டேவிஸ் மெரிட். 1990இல் அம்மாநில ஆளுநர் தேர்தல் வந்தபோது, அவருடைய நாளிதழ் வாக்காளரின் முதன்மையான கவலைகள் எவை என்று ஆய்வு செய்து அறிந்து, அவற்றைப் பற்றி வேட்பாளர்கள் என்ன கூறினர் என்று வாரந்தோறும் வெளியிட்டது. ஒன்றும் கூறாதபோது, கூறவில்லை என்பதையே அச்சிட்டது. நியூயார்க் பல்கலைக்கழகப் பேராசிரியர் ஜே ரோசன் இவ்வியக்கத்துக்குக் கொள்கை விளக்கம் தந்தவர்களுள் முக்கியமானவர். தமிழில் இவ்விரு பெயர்களும் ஒலியில் நெருங்கியிருப்பதால் மயக்கம் நேர்வது இயல்பே.

ஆயினும் விளிம்பில் 'தவறு' என்று நான் எழுதவில்லை. அவருடைய மூன்றாம் பத்தியிலேயே மெரிட்டின் பெயர் இருந்தது. "உன் முதல் வாக்கியத்தின்படி மெரிட் செய்தது இதில் அடங்குமா?" என்று மட்டும் கேட்டேன். சற்று நேரம் தாளைப் பார்த்துவிட்டு, அவரே அவ்வாக்கியத்தை அடித்தார். ஆசிரியர் பயிற்சிப் பள்ளியில் எங்களுக்குத் திருத்தக் குறியீடுகளைக் கற்பித்தார்கள். எவ்விடத்தில் மையை நிறுத்துவது என்று கற்பிக்கவில்லை. நான் பணியேற்ற தொடக்கத்தில் ஒரு சிறுவனின் கட்டுரையை முழுதும் சிவப்பாக்கித் திருப்பிக் கொடுத்தேன். அடுத்த முறை அவன் பாடநூலைப் பார்த்து அப்படியே எழுதி வந்தான். அதில் ஒரு பிழையும் இல்லை.

இரண்டாவது குறை சிறிது. 'மகத்தான', 'புரட்சிகரமான' என்ற அடைமொழிகள் மிகுந்திருந்தன. எதிர்ப்பாளர்களைப் பற்றி ஒரு வரியும் இல்லை. செய்தி சொல்ல வேண்டிய பத்திரிகை தானே ஊர்க்காரியத்தில் இறங்கினால் நடுநிலை என்னவாகும் என்று அமெரிக்காவின் பெரிய நாளிதழ் ஆசிரியர்கள் சிலர் அப்போதே கேட்டார்கள். அதையும் சேர்க்கச் சொன்னேன், மறுப்பின்றிச் சேர்த்தார்.

மூன்றாவதுதான் கடினமாயிருந்தது. கடைசிப் பகுதிக்கு 'நம் வட்டாரத்தில்' என்று தலைப்பிட்டிருந்தார். சுங்குவார்சத்திரத்துச் சாம்சங் ஆலையில் 2024 செப்டம்பர் 9 தொடங்கி 37 நாட்கள் வேலைநிறுத்தம் நடந்தது. சங்கத்தை ஏற்பது பற்றி நிர்வாகமும் சங்கத்தாரும் அமைச்சர்களும் கூறியவை நாள்தோறும் வெளிவந்தன. ஆனால் அறை வாடகை, பேருந்து, குடிநீர் பற்றி இவ்வட்டாரத்தில் குடியிருக்கும் தொழிலாளரை எந்தப் பத்திரிகையும் கேட்கவில்லை என்று எழுதியிருந்தார். வரைவு முழுவதிலும் உயிருள்ள பகுதி அதுவே. அதைத்தான் நீக்கும்படி சொல்ல வேண்டியிருந்தது.

"நான் அங்கேயே குடியிருக்கிறேன், ஐயா. என் கண் பொய் சொல்லுமா?" என்றார். குரலில் வருத்தம் இருந்தது.

"பொய் சொல்லாது, தம்பி. ஆனால் படிப்பவர் உன் கண்ணை எங்கே போய்ப் பார்ப்பார்?" என்றேன். எந்தப் பத்திரிகையும் கேட்கவில்லை என்று எழுத வேண்டுமானால், எல்லாப் பத்திரிகைகளையும் படித்திருக்க வேண்டும். மேலும், முன்பே வெளிவந்து, பிறர் சரிபார்க்கக்கூடிய செய்தியையே விக்கிப்பீடியா ஏற்கும். எழுதுபவர் நேரில் கண்டதை ஏற்காது.

இவ்விதியால் இழப்பும் உண்டு. அதை நான் அவரிடம் மறைக்கவில்லை. பத்திரிகைகள் கேளாமல் விட்டதைக் கலைக்களஞ்சியமும் சொல்லாமல் விடும். குடிமை இதழியல் நிரப்ப முயன்ற பள்ளம் அதுவே. இந்தியச் சான்று ஒன்று இருக்கட்டும் என்றால், வறிய மாவட்டங்களில் தங்கி எழுதிய பி. சாய்நாத்தின் கட்டுரைகள் 1996இல் நூலாக வந்திருக்கின்றன. ஆயினும் அவை குடிமை இதழியலைச் சேர்ந்தவை என்று ஆய்வாளர் எவரேனும் எழுதியிருந்தாலன்றி, அப்பெயரை நாமே சூட்டலாகாது. இதையும் சொன்னபோது அவர் சிரித்துவிட்டார். கடைசிப் பகுதியை அழிக்காமல் தனித்தாளில் பெயர்த்தெழுதி, நாளிதழ் ஒன்றுக்குக் கடிதமாக அனுப்பச் சொன்னேன். அங்கே அவர் கண்டது சான்றாகும். தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, ஆலைப் பேருந்துக்கு நேரமாயிற்று என்று புறப்பட்டார்.

பத்து நாட்களில் இரண்டாம் வரைவு வந்தது. நான் சொன்ன திருத்தங்களுள் ஒன்றை மட்டும் அவர் ஏற்கவில்லை. 'இதழியல்' என்பது புதுச்சொல்லாயிற்றே, 'பத்திரிகைத் தொழில்' என்று மாற்றலாமே என்று விளிம்பில் எழுதியிருந்தேன். அதன்கீழ் அவர், "இவ்வியக்கத்தில் வானொலி நிலையங்களும் தொலைக்காட்சி நிலையங்களும் சேர்ந்திருந்தன, ஐயா, பத்திரிகை என்றால் அவை அடங்குமா?" என்று பென்சிலால் எழுதியிருந்தார். நான் என் குறிப்பை அழித்துவிட்டேன்.