கல்கி கோய்ச்லின்: மேடையும் திரையும் மொழிகளும்

கல்கி கோய்ச்லின் (பிறப்பு: சனவரி 10, 1984) புதுச்சேரியில் பிறந்த நடிகையும் நாடகாசிரியரும் ஆவார். பிரெஞ்சுப் பெற்றோருக்குப் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்தவர். இலண்டனில் நாடகம் பயின்றவர். இந்தித் திரைப்படங்கள் வழியாகப் புகழ்பெற்றவர். ஆங்கிலம், பிரெஞ்சு, தமிழ் ஆகிய மூன்றும் இவர் குழந்தைப் பருவத்தில் பேசி வளர்ந்த மொழிகள். இந்தி வளர்ந்தபின் கற்றுக்கொண்ட மொழி. ஆயினும் இவருக்கு முதலில் பெயர் வாங்கித் தந்தது அந்த இந்திதான். தமிழ்த் திரையில் இவர் தோன்ற மேலும் பத்தாண்டுகள் ஆயின. ஒரு நடிகைக்கு மொழியறிவு எந்த அளவுக்கு உதவும், முகத்தோற்றம் எந்த அளவுக்குத் தடையாகும் என்பதை அறிய விரும்புவோர்க்கு இவரது கலைவாழ்வு நல்ல எடுத்துக்காட்டு.

பெயர்

கல்கி என்பது திருமாலின் பத்தாவது அவதாரத்தின் பெயர். தமிழ் வாசகர்க்கு இப்பெயரைக் கேட்டவுடன் எழுத்தாளர் கல்கி ரா. கிருஷ்ணமூர்த்தியே (1899–1954) நினைவுக்கு வருவார். இருவருக்கும் பெயரைத் தவிர வேறு தொடர்பு இல்லை. இவரது குடும்பப் பெயரைத் தமிழ் இதழ்கள் பலவாறாக எழுதுகின்றன. அக்குடும்பத்தின் முன்னோர்களுள் ஒருவர் பொறியாளர் மொரிஸ் கோய்ச்லின். பாரிசின் ஈபெல் கோபுரம், நியூயார்க்கின் சுதந்திர தேவி சிலை ஆகியவற்றின் கட்டமைப்பில் பெரும் பங்கு வகித்தவர் அவர்.

இளமையும் கல்வியும்

புதுச்சேரி 1954-ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் வரை பிரெஞ்சு ஆட்சியில் இருந்தது. அரவிந்தர் ஆசிரமமும் அங்கேயே அமைந்ததால், ஆட்சி மாறிய பின்னரும் பிரான்சிலிருந்து ஆன்மிக நாட்டத்துடன் பலர் வந்தவண்ணம் இருந்தனர். 1968-இல் புதுச்சேரிக்கு அருகில் ஆரோவில் நகரம் தொடங்கப்பட்டது. கல்கியின் பெற்றோரும் அரவிந்தரின் கொள்கைகளில் ஈடுபாடு கொண்டு இந்தியாவுக்கு வந்தவர்கள். இவரது தொடக்க ஆண்டுகள் ஆரோவில்லில் கழிந்தன. பின்னர் குடும்பம் உதகமண்டலத்துக்கு அருகிலுள்ள கல்லட்டி என்ற ஊரில் குடியேறியது. அங்கு இவர் தந்தை ஹேங் கிளைடர் என்னும் பறப்புச் சாதனங்களையும் சிறு இலகு விமானங்களையும் வடிவமைக்கும் தொழில் செய்தார்.

பள்ளிப் படிப்பு உதகையின் ஹெப்ரான் உறைவிடப் பள்ளியில். வீட்டில் பிரெஞ்சு, வகுப்பில் ஆங்கிலம், ஊரில் தமிழ் என்று மும்மொழிச் சூழல் இயல்பாகவே அமைந்தது. பதினெட்டு வயதில் இலண்டன் சென்று கோல்ட்ஸ்மித்ஸ் கல்லூரியில் நாடகம் பயின்றார். அங்கு ஒரு நாடகக் குழுவுடன் இணைந்து எழுதவும் நடிக்கவும் தொடங்கினார். ஆங்கில நாடகாசிரியர் டேவிட் ஹேரின் 'தி புளூ ரூம்', பதினெட்டாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு நாடகாசிரியர் மாரிவோவின் 'தி டிஸ்பியூட்' ஆகியவை அக்காலத்தில் இவர் நடித்த நாடகங்கள். வார இறுதிகளில் உணவகத்தில் பரிமாறும் வேலையும் பார்த்தார். படிப்பு முடிந்ததும் இந்தியா திரும்பிப் பெங்களூரில் சிலகாலம் இருந்தபின் மும்பைக்குச் சென்றார்.

முதல் படமும் இந்தியும்

சரத்சந்திர சட்டோபாத்யாயரின் 'தேவதாஸ்' புதினம் பலமுறை படமானது. தமிழிலும் தெலுங்கிலும் 1953-இல் நாகேஸ்வர ராவ், சாவித்திரி நடிப்பில் வந்த படம் இன்றும் பேசப்படுகிறது. அக்கதையை இன்றைய தில்லிக்கும் பஞ்சாபுக்கும் மாற்றி அனுராக் காஷ்யப் இயக்கிய படம் 'தேவ் டி' (2009). இதில் சந்திரமுகியின் இடத்தில் வரும் சந்தா என்ற பாத்திரம் கல்கிக்குக் கிடைத்தது. ஆனால் எளிதாகக் கிடைக்கவில்லை. ஒளிப்படத்தைப் பார்த்த இயக்குநர், இவர் இந்தியப் பெண்ணாகத் தோன்றவில்லை என்று முதலில் மறுத்துவிட்டார். நடிப்புத் தேர்வுக் காட்சியைப் பார்த்த பிறகே மனம் மாறினார். அப்போது கல்கிக்கு இந்தி சரளமாக வராது. படத்துக்காகவே அதில் பயிற்சி எடுத்துக்கொண்டார்.

தமிழ் பேசி வளர்ந்தவர் இந்தி கற்கும்போது ஏற்படும் இடர்ப்பாட்டை மாணவர்கள் அறிவர். தமிழில் 'க' ஓர் எழுத்து. இந்தியில் அவ்விடத்தில் நான்கு தனித்தனி எழுத்துகள். அவற்றுள் இரண்டு மூச்சை அழுத்தி வெளிவிட்டு ஒலிக்க வேண்டியவை. பிரெஞ்சிலும் இத்தகைய மூச்சொலிகள் இல்லை. ஆகவே சொல்லின் பொருள் தெரிந்தால் மட்டும் போதாது; எந்த அசையில் அழுத்தம் விழும், எங்கே மூச்சு நிற்கும் என்பதையும் நாக்கு பழகிக்கொள்ள வேண்டும். ஒலிவாங்கியின் முன் பேசும் நடிகருக்கு இது இன்னும் கடினம். இலக்கணப் பிழையை மன்னிக்கும் பார்வையாளர்கூட, ஒலிப்புப் பிழையை உடனே கண்டுகொள்வார்.

இந்த முதல் படத்துக்கே கல்கி சிறந்த துணை நடிகைக்கான பிலிம்பேர் விருதைப் பெற்றார்.

வேடம் கிடைக்காதபோது எழுதுதல்

விருது கிடைத்தாலும் ஒரு சிக்கல் தீரவில்லை. இந்தித் திரையுலகில் வெள்ளைத் தோற்றமுள்ள நடிகைக்கென்று வேடங்கள் மிகக் குறைவு. சுற்றுலாப் பயணி, ஆங்கிலேய அதிகாரியின் மகள், நடனக் காட்சியில் பின்வரிசை என அவற்றைச் சொல்லிவிடலாம். கல்கி இதற்குத் தேடிக்கொண்ட வழி, தானே எழுதுவது.

பிரசாந்த் பிரகாஷுடன் இணைந்து எழுதிய 'ஸ்கெலட்டன் உமன்' நாடகம், 'தி இந்து' நாளிதழின் மெட்ரோபிளஸ் நாடகாசிரியர் விருதை 2009-இல் பெற்றது. இது வடதுருவப் பகுதி இனூயிட் மக்களின் பழங்கதை ஒன்றைத் தழுவியது. அடுத்து, அனுராக் காஷ்யப்புடன் இணைந்து 'தட் கேர்ள் இன் எல்லோ பூட்ஸ்' படத்தின் திரைக்கதையை எழுதி, அதன் முதன்மைப் பாத்திரத்திலும் நடித்தார். தன் தந்தையைத் தேடி மும்பைக்கு வந்து, உரிய பணி அனுமதி இல்லாமல் பிழைக்கும் ரூத் என்ற பெண்ணின் கதை அது. 2010-இல் திரைப்பட விழாக்களில் காட்டப்பட்டு, 2011-இல் வெளியானது. அயல்நாட்டுப் பெண் என்ற வேடத்தையே எடுத்துக்கொண்டு, அவளைக் கதையின் ஓரத்திலிருந்து நடுவுக்குக் கொண்டுவந்தது இப்படத்தின் சிறப்பு.

2011-இல் 'சைத்தான்', 'ஜிந்தகி நா மிலேகி தோபாரா', 2012-இல் திபாகர் பானர்ஜியின் 'ஷாங்காய்', 2013-இல் 'யே ஜவானி ஹை தீவானி' எனப் பெரிய படங்களும் சிறிய படங்களும் மாறி மாறி வந்தன.

மேடை

திரைப்பட வாய்ப்புகள் பெருகிய பின்னும் கல்கி மேடையை விடவில்லை. ரஜத் கபூர் இயக்கிய 'ஹாம்லெட், தி கிளவுன் பிரின்ஸ்' நாடகத்தில் கோமாளிகள் சிலர் கூடி ஷேக்ஸ்பியரின் 'ஹாம்லெட்'டை நடிக்க முயல்வார்கள். அவர்கள் பேசுவது பாதி ஆங்கிலம், பாதி பொருளற்ற ஒலிகள். பல மொழி அறிந்த நடிகர்களும் இங்கே எந்த மொழியின் துணையும் முழுதாக இல்லாமல், குரலின் ஏற்ற இறக்கத்தாலும் உடலாலும் மட்டுமே பொருளை உணர்த்த வேண்டும். தெருக்கூத்தில் கட்டியங்காரன் பேச்சை விளையாட்டாகச் சிதைத்துப் பேசும்போதும் நமக்குக் கதை புரிந்துவிடுவதை இதனோடு ஒப்பிடலாம்.

'மேக்பெத்' நாடகத்தைத் தழுவி ரஜத் கபூர் இயக்கிய 'வாட்ஸ் டன் இஸ் டன்', மானவ் கௌல் தாகூரை மையமாக வைத்து உருவாக்கிய 'கலர் பிளைண்ட்' ஆகியவற்றிலும் கல்கி நடித்தார். 2015-இல் மேடையேறிய 'தி லிவிங் ரூம்' இவர் எழுதி இயக்கிய நாடகம். முதிய பெண் ஒருத்தியின் வீட்டுக்குச் சாவு விருந்தாளியாக வந்து உட்கார்ந்தால் என்ன நடக்கும் என்பதை நகைச்சுவையோடு சொல்வது அது.

'மார்கரிட்டா வித் எ ஸ்ட்ரா'

ஷோனாலி போஸ் இயக்கிய இப்படம் 2014-இல் டொராண்டோ திரைப்பட விழாவில் முதலில் காட்டப்பட்டு, 2015-இல் இந்தியாவில் வெளியானது. பெருமூளை வாதம் என்னும் குறைபாட்டுடன் பிறந்த லைலா என்ற கல்லூரி மாணவியாகக் கல்கி நடித்தார். தாயாக நடித்தவர் தமிழ் வாசகர்கள் நன்கறிந்த ரேவதி. இயக்குநரின் உறவினரும் மாற்றுத்திறனாளிகள் உரிமைக்காகப் பணியாற்றுபவருமான மாலினி சிப் அவர்களின் வாழ்க்கை இக்கதைக்குத் தூண்டுதல்.

இவ்வேடத்திலும் மொழி வேலை இருந்தது. ஆனால் வேறு வகையானது. பெருமூளை வாதத்தில் அறிவாற்றல் குன்றாமலேயே தசைகளின் கட்டுப்பாடு மட்டும் பாதிக்கப்படலாம். அப்போது நினைப்பது தெளிவாக இருக்கும். வாய் அதனை மெதுவாகவே வெளியிடும். கல்கி சக்கர நாற்காலியைப் பழகினார். அசைவையும் பேச்சையும் மாலினியைக் கண்டு கற்றார். சொற்கள் தடுமாறினாலும் லைலாவின் கேலியும் கோபமும் பார்வையாளருக்குத் தவறாமல் சென்று சேர்கின்றன.

லைலா பஞ்சாபித் தந்தைக்கும் மராத்தித் தாய்க்கும் பிறந்த தில்லிப் பெண். கதையில் அவள் நிறத்துக்கு எந்த விளக்கமும் தரப்படவில்லை, பார்வையாளரும் கேட்கவில்லை. ஒரு காலத்தில் இந்தியப் பெண்ணாகத் தோன்றவில்லை என்று மறுக்கப்பட்டவருக்கு இதுவே பெரிய திருப்பம். இப்படத்துக்காக எஸ்தோனியாவின் தாலின் நகர விழாவில் சிறந்த நடிகை விருதும், 63-ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் நடுவர் குழுவின் சிறப்பு விருதும் கிடைத்தன.

இதன்பின் கொங்கனா சென் சர்மா இயக்கிய 'எ டெத் இன் தி கஞ்ச்' படத்தில் ஆங்கிலோ இந்தியப் பெண்ணாகவும், 'மேட் இன் ஹெவன்' (2019) இணையத் தொடரில் தில்லியைச் சேர்ந்த ஃபைசா நக்வியாகவும் நடித்தார். 'கோல்டுஃபிஷ்' படத்தில் நினைவு மங்கிவரும் இந்தியத் தாயைப் பார்த்துக்கொள்ள இலண்டன் வீட்டுக்குத் திரும்பும் மகள் வேடம். தாயாக தீப்தி நாவல் நடித்தார். தாய்மை அனுபவத்தை 'தி எலிஃபண்ட் இன் தி வூம்ப்' (2021) என்ற படங்களுடன் கூடிய நூலாக எழுதினார்.

தமிழில்

2019-இல் எச். வினோத் இயக்கிய 'நேர்கொண்ட பார்வை' படத்தில் ஒரு பாடற்காட்சியில் தோன்றினார். 2020 டிசம்பரில் நெட்பிளிக்ஸ் தளத்தில் வெளியான 'பாவக் கதைகள்' தொகுப்பில், விக்னேஷ் சிவன் இயக்கிய 'லவ் பண்ணா உட்றனும்' பகுதியில் அஞ்சலியுடன் நடித்தார். சாதி மறுப்புக் காதலையும் ஆணவக் கொலையையும் பேசும் கதை அது. விஷ்ணுவர்தன் இயக்கத்தில் 2025 பொங்கலுக்கு வந்த 'நேசிப்பாயா' படத்தில் வழக்கறிஞராக நடித்தார்.

புதுச்சேரியில் பிறந்து நீலகிரியில் வளர்ந்தவருக்குத் தமிழில் கிடைத்தவை இவ்வளவே. தமிழ்த் திரையுலகில் மொழி தெரியாத கதாநாயகியருக்குப் பின்னணிக் குரல் கொடுத்துப் படத்தை முடித்துவிடும் வழக்கம் நெடுங்காலமாக உண்டு. அதனால் தமிழ் தெரிந்திருப்பது ஒரு நடிகைக்குக் கூடுதல் தகுதியாகக் கருதப்படுவதில்லை. தோற்றம் முதலில் பார்க்கப்படுகிறது. குரலைப் பிறகு சேர்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிடுகிறார்கள்.

முன்னோடிகள்

ஆஸ்திரேலியாவில் பிறந்த மேரி எவன்ஸ், 'நாடியா' என்ற பெயரில் 1935-இல் 'ஹண்டர்வாலி' படத்தில் நடித்துப் பெரும்புகழ் பெற்றார். அவருடைய படங்களில் வசனத்தைவிடச் சாட்டையும் குதிரையும் சண்டைக்காட்சிகளுமே முன்னின்றன. 1950-இல் முசூரியில் அமெரிக்கச் சமயப்பணியாளர் குடும்பத்தில் பிறந்த டாம் ஆல்டரின் உருது, அம்மொழியினரே பாராட்டும் தரமுடையது. ஆயினும் திரைப்படங்களில் அவருக்குப் பெரும்பாலும் கிடைத்தவை ஆங்கிலேயர் வேடங்களே. மௌலானா ஆசாதாக அவரை ஏற்றுக்கொண்டது நாடக மேடைதான். மேடையில் பார்வையாளர் முதலில் குரலைக் கேட்கிறார். மைக்கு நெருங்கிய காட்சியில் முகமே முந்திக்கொள்கிறது. கல்கியும் டாம் ஆல்டரைப் போல் மேடையை விடாமல் பற்றிக்கொண்டதற்கு இதுவும் ஒரு காரணம் எனலாம்.

கற்க வேண்டியது

இக்கட்டுரை எழுதப்படும் அடி அண்ணாமலை, திருவண்ணாமலை கிரிவலப் பாதையில் உள்ள சிற்றூர். இங்கு ஆண்டுக்கணக்கில் தங்கியிருக்கும் வெளிநாட்டுக் குடும்பங்கள் உண்டு. அவர்தம் பிள்ளைகள் மளிகைக் கடையில் "அண்ணா, கால் கிலோ வெல்லம்" என்று கேட்கும்போது, வெளியூரிலிருந்து கிரிவலம் வந்தவர்கள் நின்று வேடிக்கை பார்ப்பார்கள். கடைக்காரர் திரும்பியும் பார்க்காமல் வெல்லத்தை நிறுத்துக் கொடுப்பார். அவருக்கு அது நாள்தோறும் கேட்கும் குரல். முகமும் மொழியும் ஒன்றுக்கொன்று பொருந்தியே ஆகவேண்டும் என்ற எண்ணம் பழக்கத்தால் வருவது; பழக்கத்தாலேயே போகவும் செய்யும். கல்கி கோய்ச்லினின் வேடங்கள் 'தேவ் டி'யின் சந்தாவிலிருந்து லைலாவுக்கும் ஃபைசாவுக்கும் விரிந்தது, இந்திப் படம் பார்ப்போரிடம் அந்தப் பழக்கம் மெல்ல மாறிவருவதைக் காட்டுகிறது. தமிழ்ப் படம் பார்ப்போரிடம் அம்மாற்றம் நிகழ இன்னும் இடமிருக்கிறது.