37 வயதில் அம்மா! 84 வயதிலும் ஷூட்டிங்!
நாகேசுக்குத் தாயாக நடித்த எஸ்.என்.லட்சுமி கதை

பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டிலோ அரியலூர் ரெயில்வே ஸ்டேஷன் வாசலிலோ நின்று "எஸ்.என்.லட்சுமியைத் தெரியுமா?" என்று கேட்டால் பாதிப் பேர் உதட்டைப் பிதுக்குவார்கள். "அதான்யா, மைக்கேல் மதன காமராஜன்ல வர்ற திருட்டுப் பாட்டி!" என்று சொல்லிப் பாருங்கள். "அட, அந்தப் பாட்டியா!" என்று முகம் மலரும்.

பெயர் தெரியாது, முகம் தெரியும். அறுபது வருஷத்துக்கு மேல் நடித்த அந்த அம்மாவுக்கு ஜனங்கள் வைத்திருந்த இடம் அதுதான்.

1927-ல் பிறந்தவர். ஊர், விருதுநகர் பக்கம் சென்னல்குடி. பிள்ளைகள் நிறைந்த ஏழைக் குடும்பம். பிழைப்புக்காகச் சின்ன வயசிலேயே சென்னைக்கு வந்தார். ஆடத் தெரியும் என்பதால் ஜெமினி ஸ்டூடியோவின் நடனக் குழுவில் இடம் கிடைத்தது.

முரசு மேல் ஆடியவர்

1948-ல் எஸ்.எஸ்.வாசனின் 'சந்திரலேகா' வெளிவந்தது. டூரிங் கொட்டகையில் மணலைக் குவித்து உட்கார்ந்து படம் பார்த்த நம்ம பக்கத்துப் பெரியவர்கள், அந்த முரசு நடனத்தைப் பற்றி இன்றைக்கும் வாய் ஓயாமல் பேசுவார்கள். ராட்சத முரசுகள், அவற்றின் மேல் வரிசை வரிசையாகப் பெண்கள்! அந்தக் கூட்டத்தில் லட்சுமியும் ஒருவர். ஆனால் எந்த முரசின் மேல் நின்றார் என்று யார் கண்டார்கள்? எல்லோர் கண்ணும் டி.ஆர்.ராஜகுமாரி மேல்தானே இருந்தது!

அப்புறம் நாடக மேடை. கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன் குழு, சகஸ்ரநாமத்தின் சேவா ஸ்டேஜ் என்று பல மேடைகளில் ஏறினார். வசனத்தைத் தெளிவாகப் பேசுவதும், அழும்போதுகூட வார்த்தையை விழுங்காமல் இருப்பதும் அங்கே படித்த பாடம்.

மகனுக்கு 31, அம்மாவுக்கு 37!

1964 டிசம்பரில் 'சர்வர் சுந்தரம்' வந்தது. கே.பாலசந்தரின் நாடகம், கிருஷ்ணன்-பஞ்சு டைரக்ஷனில் படமானது. ஓட்டல் சர்வராக இருந்து சினிமா நட்சத்திரமாகும் சுந்தரமாக நாகேஷ். அவருக்கு அம்மா யார்? லட்சுமி!

நாகேஷ் 1933-ல் பிறந்தவர். அப்போது வயது 31. அம்மாவாக வந்தவருக்கு வயது 37தான்! கூடப் பிறந்த அக்காவாக நடிக்க வேண்டிய வயசு. தலையில் வெள்ளை பூசி, தோளைக் குறுக்கிக்கொண்டு நின்றதும், தியேட்டரில் ஒருத்தரும் வயசைக் கணக்குப் போட்டுப் பார்க்கவில்லை. ஷூட்டிங்கில் இருக்கும் மகன் வந்து சேருவதற்குள் தாய் கண்ணை மூடிவிடும் கட்டத்தில், சிரிக்க வந்த கூட்டம் கண்ணைத் துடைத்துக்கொண்டு போனது.

நடித்துக் காட்டியதற்குப் பரிசு என்ன? அடுத்த படத்திலும் அம்மா வேஷம்! அதற்கடுத்து பாட்டி வேஷம். சினிமாவில் நாற்பது வயது ஹீரோ காலேஜ் மாணவனாக வருவார், அவரைவிட நாலைந்து வயதே மூத்த பெண் அவருக்குத் தாயாக வருவார். இந்த விசித்திரக் கணக்கு லட்சுமியோடு தொடங்கியதும் இல்லை, அவரோடு முடிந்ததும் இல்லை. கதாநாயகி நாற்காலி கடைசி வரை அவருக்குக் கிடைக்கவில்லை. கல்யாணமும் செய்துகொள்ளவில்லை. திரையில் மட்டும் எத்தனை பிள்ளைகள், எத்தனை பேரன்கள்!

கமலின் ஆஸ்தானப் பாட்டி

அறுபதைத் தாண்டிய பிறகுதான் நிஜமான யோகம் அடித்தது. 1990-ல் வந்த 'மைக்கேல் மதன காமராஜ'னில் ஊர்வசியின் பாட்டி. கைக்குக் கிடைத்ததைச் சுருட்டிக்கொண்டு, பரம சாதுவாக முகத்தை வைத்துக்கொள்வார். வயிறு குலுங்கச் சிரித்தார்கள் ஜனங்கள்! அதே படத்தில் நாகேசும் உண்டு. பழைய 'அம்மா', பழைய 'மகன்' இரண்டு பேரும் ஒரே படத்தில்!

நாலு வருஷம் கழித்து 1994-ல் 'மகாநதி'. சீட்டுக் கம்பெனி மோசடியில் மருமகன் ஜெயிலுக்குப் போக, பேரப்பிள்ளைகளை வைத்துக்கொண்டு தவிக்கும் மாமியார். திருட்டுப் பாட்டியாகச் சிரிக்க வைத்தவரா இவர் என்று ஆச்சரியப்பட வைத்தார். சீட்டு போட்டு ஏமாந்த குடும்பம் நம்ம பக்கத்தில் இல்லாத தெருவா? படம் பார்த்தவர்களுக்கு நெஞ்சு கனத்தது. 2004-ல் 'விருமாண்டி'யிலும் கமலுக்குப் பாட்டி அவரே. தமிழக அரசின் கலைமாமணி விருதும் பெற்றார்.

நடு வீட்டுக்கு வந்தார்

பிறகு டெலிவிஷன். கொட்டகைகள் ஒவ்வொன்றாக மூடிக்கொண்டிருந்த காலம் அது. 2011-ல் விஜய் டி.வி.யில் தொடங்கிய 'சரவணன் மீனாட்சி' தொடரில் நடித்தபோது வயது 84. ஒரு காலத்தில் கொட்டகையில் தூரத்து முரசின் மேல் புள்ளியாகத் தெரிந்தவர், இப்போது ராத்திரி சாப்பாட்டு நேரத்தில் நடு வீட்டிலேயே வந்து உட்கார்ந்தார்.

2012 பிப்ரவரி 20-ந் தேதி சென்னையில் காலமானார். திரையில் அவருக்கு மகனாக இருந்த நாகேஷ், 2009 ஜனவரியிலேயே போய்விட்டார். 'அம்மா' அதற்குப் பிறகும் மூன்று வருஷம் இருந்தார், மேக்கப் போட்டுக்கொண்டு.