34 வருட சம்பள பாக்கி!
பாகிஸ்தானை 13 நாளில் பணிய வைத்த தளபதிக்கு டெல்லி வைத்த கடன்

சர்க்கார் ஆபீசில் அரியர்ஸ் வாங்குவது என்றால் என்ன பாடு என்று குமாஸ்தாக்களைக் கேட்டால் தெரியும். பைல் நகராது. நகர்ந்தால் ஒரு கையெழுத்து விட்டுப் போயிருக்கும். "அடுத்த வாரம் வாங்க சார்" என்பார்கள். அந்த அடுத்த வாரம் வரவே வராது.

இந்தப் பாட்டை இந்திய ராணுவத்தின் மிகப் பெரிய தளபதியும் பட்டிருக்கிறார் என்றால் நம்ப முடிகிறதா? ஒரு வருடம், இரண்டு வருடம் அல்ல. 34 வருடம்!

அவர்தான் பீல்டு மார்ஷல் சாம் மானெக்ஷா. 1971-ம் ஆண்டு யுத்தத்தில் வெற்றி தேடித் தந்த தளபதி. ஓய்வுக்குப் பிறகு நம் நீலகிரி மலையில், குன்னூரில் குடியிருந்தவர்.

அப்பாவோடு கோபம்

மானெக்ஷா பார்சி இனத்தவர். 1914-ம் ஆண்டு ஏப்ரல் 3-ந் தேதி பஞ்சாபில் அமிர்தசரஸ் நகரில் பிறந்தார். அப்பா டாக்டர். மகனுக்கும் டாக்டர் ஆசைதான். லண்டனுக்குப் போய்ப் படிக்க வேண்டும் என்றார். "இன்னும் வயசு போதாது" என்று அப்பா மறுத்துவிட்டார்.

பிள்ளைக்கு வந்ததே கோபம்! டேராடூனில் புதிதாகத் திறந்த ராணுவ அகாடமிக்குப் பரீட்சை எழுதினார். 1932-ல் அங்கே சேர்ந்த முதல் கோஷ்டி 40 பேர். அதில் இவரும் ஒருவர்.

"கழுதை உதைத்துவிட்டது!"

1942 பிப்ரவரி மாதம். பர்மாவில் ஜப்பான் படை புயல் போல் முன்னேறி வந்துகொண்டிருந்தது. சிட்டாங் ஆற்றுப் பாலத்தருகே நடந்த சண்டையில் கேப்டன் மானெக்ஷாவின் வயிற்றில் எந்திரத் துப்பாக்கிக் குண்டுகள் வரிசையாகப் பாய்ந்தன. அப்போது அவருக்கு வயது 27.

பிழைக்க மாட்டார் என்று எல்லாரும் முடிவு கட்டிவிட்டார்கள். மேலதிகாரி கோவன் தன் சட்டையில் இருந்த 'மிலிட்டரி கிராஸ்' விருதின் ரிப்பனைக் கழற்றி அவருக்குக் குத்திவிட்டார். செத்தவருக்கு அந்த விருது கொடுக்க முடியாது என்பது சட்டம். உயிர் இருக்கும்போதே கொடுத்துவிடலாம் என்ற அவசரம்!

ஷேர் சிங் என்ற சிப்பாய்தான் விடவில்லை. அதிகாரியைத் தூக்கிக்கொண்டு போய் டாக்டரிடம் சேர்த்தார். பிழைக்கிற கேஸ் அல்ல என்று நினைத்த டாக்டர், "என்ன ஆச்சு?" என்று கேட்டார். "கோவேறு கழுதை உதைத்துவிட்டது" என்று பதில் வந்ததாம். குடல் கிழிந்து கிடக்கும்போதும் இப்படிப் பேசுகிறவனைக் காப்பாற்றித்தான் ஆக வேண்டும் என்று டாக்டர் கத்தியை எடுத்தார். பிழைத்தவர் அதற்குப் பிறகு 66 வருடம் வாழ்ந்தார்.

துரோகி என்று விசாரணை

வெலிங்டன் ராணுவக் கல்லூரியின் தலைவராக 1959-ல் வந்தார். குன்னூர் பக்கத்தோடு தொடர்பு அப்போதே உண்டு. அங்கே இருக்கும்போதுதான் அவருக்குச் சனி பிடித்தது.

மனதில் பட்டதைப் பட்டென்று சொல்லிவிடுவார். கேலி அதிகம். அப்போது பாதுகாப்பு மந்திரி கிருஷ்ண மேனன். மேலிடத்துக்கு இவரைப் பிடிக்கவில்லை. தேசத்துக்கு விரோதமானவர் என்று புகார் கிளம்பியது. விசாரணை கோர்ட்டு வைத்தார்கள். பிரமோஷன் நின்றது. கடைசியில் குற்றம் எதுவும் இல்லை என்று தீர்ப்பானது.

1962-ல் சீனா படையெடுத்தது. வடகிழக்கு எல்லையில் நம் படை சிதறியது. மேலிடத்தின் செல்லப்பிள்ளை என்று பெயர் எடுத்த ஜெனரல் கவுல் பதவியை விட்டுப் போனார். கிருஷ்ண மேனன் மந்திரி பதவியும் போயிற்று. கவுலின் நாற்காலியில் யாரைக் கொண்டுவந்து உட்கார வைத்தார்கள் தெரியுமா? துரோகி என்று விசாரித்த அதே மானெக்ஷாவை! எழுத்து மூலமான உத்தரவு இல்லாமல் ஒரு அடிகூடப் பின்வாங்கக்கூடாது, அந்த உத்தரவு வரவே வராது என்பதுதான் அங்கே அவர் போட்ட முதல் ஆர்டர்.

1969 ஜூன் 8-ந் தேதி ராணுவத் தலைமைத் தளபதி ஆனார். பதவியை ஒப்படைத்தவர் நம் ஊர்க்காரரான ஜெனரல் குமாரமங்கலம்.

இந்திராவிடம் "முடியாது"

1971 ஏப்ரல். கிழக்குப் பாகிஸ்தானில் இருந்து அகதிகள் லட்சக்கணக்கில் வந்துகொண்டிருந்தார்கள். பிரதமர் இந்திரா காந்தி மந்திரிசபையைக் கூட்டினார். தளபதியை அழைத்து, உடனே படையை அனுப்ப முடியுமா என்று கேட்டார்.

முடியாது என்றார் மானெக்ஷா. மந்திரிகள் திகைத்துப் போனார்கள்.

மழைக்காலம் வரப்போகிறது, அந்த நாட்டில் ஆறுகள் எல்லாம் கடல் ஆகிவிடும். இமயமலைக் கணவாய்கள் திறந்திருக்கின்றன, சீனா உள்ளே வரலாம். அறுவடை நேரம், ரெயில்களைப் படைக்கு எடுத்தால் தானியம் நகராது. இப்போது போனால் தோல்வி நிச்சயம் என்று சொன்னார். கூட்டம் முடிந்ததும், ராஜினாமா செய்யவும் தயார் என்றார். பிற்காலத்தில் அவரே பல மேடைகளில் சொன்ன கதை இது.

பதவிக்குப் பயந்தவராக இருந்தால் "ஆகட்டும் அம்மா" என்று தலையாட்டியிருப்பார். இந்திராவும் லேசுப்பட்டவர் அல்ல. கோபம் வந்தாலும் ராஜினாமாவை வாங்கவில்லை. அவர் கேட்ட அவகாசத்தைக் கொடுத்தார்.

யுத்தம் நெருங்கிய சமயத்தில் "தயாரா?" என்று இந்திரா கேட்டபோது, "நான் எப்போதும் தயார், ஸ்வீட்டி" என்றாராம்! பிரதமரை அப்படிக் கூப்பிட இந்தியாவில் வேறு யாருக்குத் துணிச்சல் வரும்?

டிசம்பர் 3-ந் தேதி பாகிஸ்தான் விமானங்கள் குண்டு போட்டன. 16-ந் தேதி டாக்காவில் ஜெனரல் நியாஜி சரண் அடைந்தார். கைதிகள் சுமார் 93 ஆயிரம் பேர். சரணாகதியை வாங்க மானெக்ஷா போகவில்லை. கிழக்குப் பகுதித் தளபதி ஜெனரல் அரோராவை அனுப்பினார்.

மோட்டார் சைக்கிள் கடன்

அப்போது பாகிஸ்தான் ஜனாதிபதி யாகியா கான். பிரிவினைக்கு முன்பு இருவரும் டெல்லி ராணுவத் தலைமையகத்தில் ஒன்றாக வேலை பார்த்தவர்கள். 1947-ல் பாகிஸ்தானுக்குப் போகும்போது, மானெக்ஷாவின் மோட்டார் சைக்கிளை யாகியா கான் ஆயிரம் ரூபாய்க்குக் கேட்டு வாங்கினார். பணத்தை அனுப்புகிறேன் என்றார். அனுப்பவே இல்லை!

யாகியா அந்தக் கடனைப் பாதி நாட்டைக் கொடுத்துத் தீர்த்துவிட்டார் என்று மானெக்ஷா பின்னாளில் கேலி செய்வாராம்.

யாகியா கடன் அப்படித் தீர்ந்தது. டெல்லி கடன்?

1973 ஜனவரியில் அவருக்குப் பீல்டு மார்ஷல் பதவி கொடுத்தார்கள். இந்தியாவில் அதைப் பெற்ற முதல் ஆள் அவர். பீல்டு மார்ஷலுக்கு ரிட்டயர்மென்ட் கிடையாது. சாகும் வரை சேவையில் இருப்பதாகக் கணக்கு. ஆனால் அதற்கு ஏற்ற முழுச் சம்பளம் மட்டும் வரவில்லை. தோளில் ஐந்து நட்சத்திரம் ஏறியது, சம்பள பில் ஏறவில்லை. குன்னூரில் 'ஸ்டாவ்கா' என்று பெயர் வைத்த வீட்டில் மனைவி சில்லுவுடன் இருந்தார். 2001-ல் அந்த அம்மாள் காலமானார்.

2007-ல்தான் டெல்லி கண் திறந்தது. 34 வருட பாக்கியாக ஒரு கோடி ரூபாய்க்கு மேல் செக் வந்தது. அப்போது அவருக்கு 90 வயது தாண்டிவிட்டது. அந்த வயதில் கோடி ரூபாயை வைத்துக்கொண்டு மனிதர் என்ன செய்வார்?

அடுத்த வருடமே, 2008 ஜூன் 27-ந் தேதி, வெலிங்டன் ராணுவ ஆஸ்பத்திரியில் உயிர் பிரிந்தது. வயது 94. ஊட்டியில் பார்சிகள் மயானத்தில், மனைவியின் சமாதிக்குப் பக்கத்தில் ராணுவ மரியாதையுடன் அடக்கம் செய்தார்கள்.

அன்று ஜனாதிபதி வரவில்லை. பிரதமர் வரவில்லை. பாதுகாப்பு மந்திரியும் வரவில்லை. ராஜாங்க மந்திரி பல்லம் ராஜு வந்தார். பத்திரிகைகள் கேள்வி கேட்டன. பதில் சொல்வார் இல்லை.

டிசம்பர் 16-ந் தேதி, டாக்கா வெற்றி நாளில், அவர் படம் போட்ட தபால்தலை வெளிவந்தது. 2009-ல் ஊட்டி - குன்னூர் ரோட்டில் வெலிங்டன் அருகே உள்ள பாலத்துக்கு மானெக்ஷா பெயரை வைத்தார்கள். பக்கத்தில் கருங்கல் சிலையும் இருக்கிறது. அந்த வழியாக பஸ்ஸில் போகிறவர்கள் ஜன்னல் ஓரம் இடம் கிடைத்தால் பார்க்கலாம்.