பூட்டி வச்சதால தப்பிச்ச ஒரு காதல் கதை

கருவடிக்குப்பத்துல இருந்து பேசறேன். இன்னைக்கு ஒரே கேள்விதான்: நம்ம பக்கத்து ஊமைப்படக் காதல் கதைகள் எல்லாம் எங்க போச்சு?

ராஜா சாண்டோ இயக்கிய ‘பேயும் பெண்ணும்’, ‘அனாதைப் பெண்’ மாதிரி படங்களோட பேர் தெரியும். படம் கிடையாது. காரணம் பெரிய மர்மம் இல்லை. அப்போ ஃபிலிம் நைட்ரேட்ல செஞ்சது. சட்டுனு தீப்பிடிக்கும், நம்ம ஊர் வெக்கையிலயும் ஈரத்துலயும் அப்படியே மக்கிப் போகும். போட்டது சில பிரிண்ட்தான். அதையே ஊர் ஊரா ஓட்டித் தேய்ச்சாங்க. 1931-ல் ‘காளிதாஸ்’ வந்து படம் பேச ஆரம்பிச்சதும் ஊமைப்படத்துக்கு மதிப்பே போச்சு. பழைய ஃபிலிம்ல இருக்கிற வெள்ளியைப் பிரிச்சு எடுத்தா காசு. அப்படியும் நிறைய அழிஞ்சது.

இதுல தப்பிச்சது ‘மார்த்தாண்ட வர்மா’. சி.வி.ராமன் பிள்ளை 1891-ல் வெளியிட்ட மலையாள நாவல்தான் கதை. அரியணைச் சண்டைக்கு நடுவுல ஒரு காதலும் ஓடுது. அனந்தபத்மநாபன் செத்துட்டான்னு ஊரே நம்புது. பாருக்குட்டி மட்டும் நம்பலை. வீட்டுல வேற மாப்பிள்ளை பார்த்தும் அவ காத்திருக்கா. அவனோ மாறுவேஷத்துல உயிரோட சுத்திட்டு இருக்கான்.

இதை பி.வி.ராவ் இயக்கி, 1933-ல் திருவனந்தபுரத்துல திரையிட்டாங்க. ஆனா நாவலோட உரிமை கமலாலயா புக் டிப்போகிட்ட இருந்தது. அனுமதி வாங்காம எடுத்ததால அவங்க வழக்குப் போட்டாங்க, பிரிண்ட் பறிமுதல் ஆச்சு. தயாரிப்பாளருக்குப் பெரிய அடி. ஆனா அந்த பிரிண்ட் ஊர் ஊரா ஓடித் தேயலை, வெள்ளிக்கும் போகலை. பல வருஷம் கிடப்புல கிடந்து, 1974-ல் புனே தேசிய திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குப் போய்ச் சேர்ந்தது.

யோசிச்சுப் பாருங்க. ஜனங்க ஆசையாப் பார்த்த படங்கள் காணாமப் போச்சு. பார்க்க விடாம தடுத்த படம் மிஞ்சிச்சு. அதுவும் யாரும் திட்டம் போட்டுக் காப்பாத்தலை. சாஃப்ட்வேர்ல பேக்கப் எடுக்கிறது எங்களுக்கு தினசரி வேலை. சினிமாவுக்கு அந்த வேலையை அன்னைக்கு யாரும் செய்யலை, ஒரு வழக்கு செஞ்சிருக்கு.

உங்க வீட்டுப் பரண்ல பழைய ரீல் டப்பா இருந்தா, அடுப்பு, வெயில் பக்கம் கொண்டு போகாதீங்க. எடைக்கும் போடாதீங்க. புனே காப்பகத்துக்குத் தகவல் சொல்லுங்க. அடுத்த எபிசோடுல பார்ப்போம்.